எடைக்கு வந்த கிராமர் புத்தகம்

மூன்று வருஷத்துக்கு முன்னால், போகிக்கு இரண்டு நாள் இருக்கும்போது, திருப்பதியில் ரேணிகுண்டா ரோட்டில் இருக்கும் என் பழைய பேப்பர் குடோனில் நடந்தது இது.

முதலில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பெருமை அடிக்கிறான் என்று நினைத்தாலும் பரவாயில்லை, உழைத்தவன் சொல்லலாம். நகரி பக்கத்தில் ஒரு கிராமம் என்னுடையது. அங்கே தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாவது வரை போனேன், ஐந்தாவது பரீட்சை எழுதவில்லை. பதினொரு வயதில் மைதாப் பசை காய்ச்சி, பழைய பேப்பரில் கவர் ஒட்டி மளிகைக் கடைகளுக்குப் போட ஆரம்பித்தேன். அப்புறம் சைக்கிள், அப்புறம் தள்ளுவண்டி, அப்புறம் வாடகைக்கு ஒரு தகரக் கொட்டகை. இன்றைக்குத் திருப்பதியில் சொந்தக் குடோன், சித்தூரில் ஒரு கடை, இரண்டு லாரி, இருபத்திரண்டு பேருக்கு வேலை. யார் கையையும் பிடித்துக்கொண்டு நான் ஏறவில்லை.

காகிதத்தில் எனக்குத் தெரியாதது கிடையாது. கண்ணை மூடிக்கொண்டு விரலால் தேய்த்தால் போதும், எந்த ரகம், எத்தனை வருஷத்துப் பழசு, மழையில் நனைந்து காய்ந்ததா, எல்லாம் சொல்வேன். மில்லிலிருந்து வருகிற படித்த பிள்ளைகள் மெஷின் வைத்துப் பார்த்து அதையேதான் சொல்வார்கள். அதனால் படிப்பைப் பற்றி எனக்கு ஒரு எண்ணம் இருந்தது. இவ்வளவு புத்தகத்தை எடை போட்டிருக்கிறேன், ஒன்றைக்கூடத் திறந்து பார்த்ததில்லை, எனக்கு என்ன குறைந்துபோயிற்று என்று எல்லோரிடமும் சொல்வேன்.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. தடித்த அட்டை போட்ட புத்தகம் வந்தால் அட்டையைக் கிழித்துவிடுவோம். அட்டையும் தாளும் கலந்து போனால் மில்லில் எடுக்கமாட்டார்கள். அட்டை ஒரு குவியல், தாள் ஒரு குவியல். தாளெல்லாம் பிரஸ் மெஷினுக்குள் போய், அமுங்கி, கம்பி கட்டி, ஆள் உயரத்துக்கு ஒரு பண்டலாக வெளியே வரும். கட்டிய பண்டலைப் பிரிப்பது என்பது எங்கள் குடோனில் கிடையாது. அது என் சட்டம்.

போகி வந்தால் எங்களுக்குக் கை ஓயாது. ஊரில் இருக்கிற வீடெல்லாம் பரணைக் காலி பண்ணும். சித்தூர்க் கடையில் சேர்ந்ததை மூட்டை கட்டித் திருப்பதிக்கு அனுப்புவார்கள். அன்றைக்குக் காலையிலும் அப்படி ஒரு லோடு வந்து இறங்கியிருந்தது. சாயங்காலம் நான்கு மணிக்கு மில்லுக்கு லாரி கிளம்ப வேண்டும். கிளம்பாவிட்டால் பண்டிகை முடிந்துதான்.

காலை பத்து மணி இருக்கும். போன் வந்தது. ஒரு பெண் குரல்.

"ஐயா, சித்தூர்லேர்ந்து பேசறேன். எங்க அத்த முந்தாநேத்து பேப்பர்காரர்கிட்ட ஒரு புத்தகத்தைத் தெரியாம போட்டுட்டாங்க. உங்க குடோனுக்கு வந்துட்சின்னு கடையில சொன்னாங்க."

"இன்னா புத்தகம்மா?"

"இங்கிலீஷ் கிராமர்ங்க. ரொம்பப் பழசு. பச்சை அட்டை, முதுகுல வந்து..."

எனக்குச் சிரிப்பாக இருந்தது. வெளியே லாரிக்காரன் ஹாரன் அடித்துக்கொண்டிருக்கிறான், உள்ளே மூட்டை மலை மாதிரி கிடக்கிறது.

"கிராமர் புத்தகம் எந்தக் கடையில கேட்டாலும் குடுப்பாங்கம்மா. புதுசா ஒண்ணு வாங்கிக்கோ. இங்க டன் கணக்குல கீது, எங்கன்னு தேடறது" என்று சொல்லிப் போனை வைத்துவிட்டேன். மறுபடி இரண்டு முறை அடித்தது. எடுக்கவில்லை.

ஒரு மணிக்கு நான் சாப்பிட்டுக் கை கழுவும்போது அந்தப் பெண் குடோன் வாசலில் நின்றுகொண்டிருந்தாள். இருபத்தேழு, இருபத்தெட்டு வயது இருக்கும். பஸ்ஸில் நின்றுகொண்டே வந்திருக்க வேண்டும், பண்டிகைக் கூட்டம். புடவையெல்லாம் கசங்கி இருந்தது. அழவில்லை. சண்டைக்கும் வரவில்லை. "காலையில போன் பண்ணது நான்தாங்க. நீங்க ஒண்ணியும் தேட வேணாம். குவியலைக் காட்டினீங்கன்னா நானே பாத்துக்கறேன்" என்றாள்.

"அந்தப் புத்தகத்துல அப்படி இன்னாம்மா கீது? உள்ள பணம் கிணம் வச்சிருந்தியா?"

"பணமெல்லாம் இல்லைங்க. எனக்கு பரீட்ச கீது."

அப்புறம்தான் விவரம் சொன்னாள். சித்தூரில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் நர்ஸ். வீட்டுக்காரர் ஆட்டோ ஓட்டுகிறார், ஒரு குழந்தை. வெளிநாட்டில் ஒரு ஆஸ்பத்திரியில் வேலை கொடுக்கிறோம் என்று சொல்லியிருக்கிறார்கள், ஆனால் இங்கிலீஷ் பரீட்சை ஒன்று தேற வேண்டும். ஒரு தடவை எழுதிவிட்டாள். பேசுவது, கேட்பது, படிப்பது மூன்றிலும் தேறி, எழுதுவதில் மட்டும் கொஞ்சத்தில் போய்விட்டது. மறுபடி எழுதுவது பொங்கல் முடிந்த மறுவாரம், சென்னையில். அந்த மாதக் கடைசி வரைதான் வேலையை வைத்திருப்பார்கள். இந்த முறையும் போனால் இடம் வேறு ஆளுக்கு.

"அத்த மேல தப்பு இல்லீங்க" என்றாள். "கோச்சிங் சென்டர்ல குடுத்த புத்தகமெல்லாம் பளபளன்னு கீது. அதையெல்லாம் தொடைச்சி பத்திரமா அடுக்கிட்டாங்க. இது மட்டும் கிழிஞ்சி, கறையாகி, முதுகுல பிளாஸ்திரி ஒட்டிக் கெடந்துது. குப்பைன்னு போட்டுட்டாங்க."

சரி, அதே புத்தகம் என்னிடமே இன்னொன்று கிடைக்கும், எடுத்துத் தரச் சொல்கிறேன் என்றேன். அவள் தலையை ஆட்டினாள்.

"வேற காப்பி ஆவாதுங்க. நான் படிச்சதெல்லாம் தெலுங்கு மீடியம், வூட்ல தமிழு. இந்தப் புத்தகத்தை நர்சிங் சேரும்போது இங்க திருப்பதியில ரோட்டோரத்துல வாங்கினேன். எனக்கு முன்னாடி யாரோ வச்சிருந்தவங்க ஓரத்துல எல்லாம் ஊதா மையில தெலுங்குல அர்த்தம் எழுதியிருக்காங்க. அதுக்குக் கீழ நான் பென்சில்ல தமிழ்ல எழுதியிருக்கேன். ஒரு கேள்வி தப்பாப் போச்சின்னா பக்கத்துல ஒரு புள்ளி வெப்பேன். ரெண்டாவது தடவயும் தப்புன்னா ரெண்டு புள்ளி. மூணு புள்ளி, நாலு புள்ளி எல்லாம் கீது. கடைசி வாரத்துல அந்தப் புள்ளி வச்சத மட்டும் போட்டுப் பாக்கணும். எனக்கு எது வராதுன்னு அந்தப் புத்தகத்துக்குத்தான் தெரியுங்க."

குவியலைக் கை காட்டினேன். அவள் போய்த் தரையில் உட்கார்ந்து, செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு, ஒவ்வொன்றாக எடுத்துப் பார்க்க ஆரம்பித்தாள்.

எங்கள் குடோனில் அட்டை கிழிக்கிற வேலையில் ஒரு அம்மாள் இருக்கிறாள். முப்பது வருஷமாக என்னோடு இருப்பவள், எனக்குப் பயப்படாத ஒரே ஆள். அவள் கையைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றாள்.

"பிளாஸ்திரின்னா, காயத்துக்குப் போடற வெள்ளை பிளாஸ்திரியா பாப்பா?"

"ஆமாங்க."

"அத நான்தான் கிழிச்சேன். சுலபத்துல வரல, காலை வச்சி இஸ்தேன். பதினோரு மணி டீ குடிச்சிட்டு வந்து கிழிச்சது."

அந்தப் பெண்ணின் முகம் எப்படிப் போனது என்று நான் சொல்லப் போவதில்லை. அட்டைக்காரம்மாள் என் பக்கம் திரும்பினாள்.

"பத்து மணிக்கு இந்தப் பொண்ணு போன் பண்ணுச்சே மொதலாளி, அப்ப சித்தூர் மூட்டை கயிறுகூட அவுக்கல."

அதுதான் என்னைத் தைத்தது. பத்து மணிக்கு அந்தப் புத்தகம் என் காலடியில், மூட்டைக்குள், அட்டையோடு முழுசாக இருந்திருக்கிறது. இன்னும் ஒரு நிமிஷம் காது கொடுத்திருந்தால், பிளாஸ்திரி என்ற சொல்லை அவள் சொல்லி முடித்திருப்பாள். ஒரு ஆளை விட்டு எடுத்து ஓரமாக வைத்திருக்கலாம்.

பிரஸ் மெஷின் ஆப்பரேட்டரைக் கூப்பிட்டேன். அவன் தெலுங்குக்காரன், பாதி தமிழ் பாதி தெலுங்கில் பேசுவான். "அந்தா அயிப்போயிந்தி சார், எல்லாம் முடிஞ்சி கட்டியாச்சு. பதினொண்ணுக்கு அப்புறம் நாலு பண்டல். ரெண்டு கீழ இருக்கு, ரெண்டு லாரில ஏறிடுச்சு" என்றான்.

கட்டிய பண்டலைப் பிரிப்பதில்லை என்பது என் சட்டம் என்று சொன்னேன் அல்லவா. குடோனில் இருந்த எல்லோரும் என்னையே பார்த்தார்கள். அட்டைக்காரம்மாள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு சொன்னாள்: "காகிதத்தைத் தொட்டா ஜாதகமே சொல்லுவேன்னு ஊரெல்லாம் சொல்லிக்கினு திரியறியே மொதலாளி. இப்ப சொல்லேன், எதுல கீது?"

யாரோ சிரித்தார்கள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. "கட்டர் கொண்டாடா" என்றேன்.

முதல் பண்டலின் கம்பியை நானே வெட்டினேன். அமுக்கிக் கட்டிய காகிதம் கம்பி அறுந்ததும் மூச்சு விட்டதுபோல் உப்பிக்கொண்டு வரும். பலகை மாதிரி இறுகிக் கிடந்ததை அடுக்கடுக்காகப் பிரித்துத் தரையில் போட்டோம். அந்தப் பெண் ஒரு பக்கம், நான் ஒரு பக்கம். அட்டை போன புத்தகங்கள் எல்லாம் பார்க்க ஒரே மாதிரி இருக்கும். அவள் ஒவ்வொன்றையும் திருப்பி எழுத்தைப் படித்துப் பார்த்தாள். அப்படிப் பார்த்தால் பொங்கல் போய்விடும்.

"படிக்காதம்மா, ஓரத்தைப் பாரு" என்றேன்.

இது நான் இத்தனை வருஷத்தில் கற்றது, ஆனால் அன்றைக்குத்தான் வாய்விட்டுச் சொன்னேன். புத்தகத்தை மூடி வைத்துப் பக்கவாட்டில் பார்த்தால், விரல் பட்டுப் பட்டுப் புரட்டிய இடம் கறுத்திருக்கும். படிக்காத புத்தகத்தின் ஓரம் வெள்ளையாக இருக்கும். முதல் பத்துப் பக்கம் மட்டும் படித்திருந்தால் அந்த இடம் மட்டும் ஒரு கோடு மாதிரி கறுத்து, மிச்சம் வெள்ளை. குடோனுக்கு வருவதில் முக்கால்வாசி அப்படித்தான். கோச்சிங் புத்தகம், வேலைக்கான கைடு, கம்ப்யூட்டர் புத்தகம், எல்லாம் எடை நிற்கும், ஓரம் வெள்ளை. யாரோ ஆசையாக வாங்கி, யாரோ தொடாமல் விட்டது.

முதல் பண்டலில் இல்லை. இரண்டாவதிலும் இல்லை. மணி மூன்று. லாரி டிரைவர் வந்து நின்றான். அவனுக்குச் சொந்த ஊர் ஈரோடு பக்கம்.

"மொதலாளி, நான் போகிக்கு வூட்டுக்குப் போவணும். ஒரு பழைய புக்குக்காகவா லோடை எறக்கறீங்க?"

"உன் லைசென்ஸ் தொலைஞ்சா இன்னா பண்ணுவ?" என்றாள் அட்டைக்காரம்மாள்.

"புதுசு எடுப்பேன்."

"இந்தப் பொண்ணு வண்டி ஓட்டக் கத்துக்கினதே அந்த லைசென்சுக்குள்ளதான் கீது. போய் தார்ப்பாயை அவுரு."

அவன் முணுமுணுத்துக்கொண்டே அவிழ்த்தான். எட்டுப் பேர் சேர்ந்து மூன்றாவது பண்டலை இறக்கினோம். நான் கம்பியை வெட்டி, முட்டி போட்டு உட்கார்ந்தேன். என் வயதுக்கு முட்டி போடுவது சுலபமில்லை, ஆனாலும் போட்டேன். ஒவ்வொரு அடுக்காகப் பிரித்து, கட்டைவிரலை ஓரத்தில் ஓட்டிக்கொண்டே போனேன். வெள்ளை. வெள்ளை. கொஞ்சம் கறுப்பு, அது ஏதோ நாவல். வெள்ளை. நாலு விரல் தடிமனுக்கு வெள்ளையாகவே போய்க்கொண்டிருந்தது. அதற்குக் கீழே விரல் ஒரு வழுவழுப்பில் நின்றது.

முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை ஒரே சீராகக் கறுத்த ஓரம். என் வாழ்க்கையில் லட்சம் புத்தகம் பார்த்திருப்பேன், இப்படி ஓரத்தைக் கொஞ்சமாகத்தான் பார்த்திருக்கிறேன். பூஜைப் புத்தகங்களில் ஒரு பகுதி மட்டும் அப்படி இருக்கும். இது முழுக்க முழுக்க. இழுத்து எடுத்தேன். முதுகில் அரை அங்குல பிளாஸ்திரி இன்னும் ஒட்டிக்கொண்டிருந்தது.

அவளிடம் நீட்டினேன். அவள் வாங்கி, கண்ணில் ஒற்றிக்கொள்ளவில்லை, அழவில்லை. நேராக நடுவில் ஒரு பக்கத்தைத் திறந்து விரலை வைத்தாள். "புள்ளிங்க கீது" என்றாள். அப்புறம்தான் அங்கேயே உட்கார்ந்தாள்.

எனக்குப் பக்கங்களைக் காட்டினாள். இங்கிலீஷ் எழுத்து எனக்குக் கட்டெறும்பு ஊர்வது மாதிரிதான். ஆனால் ஊதா மையும் பென்சிலும் தெரிந்தது. ஒரே பக்கத்தில் அச்சு, அதைச் சுற்றித் தெலுங்கு, அதற்குக் கீழே தமிழ். ஊதா மை எழுதியவர் யார் என்று அவளுக்கே தெரியாது. அட்டையோடு போன முதல் தாளில் மூன்று பேர் பெயர் இருந்ததாம், ஒவ்வொன்றும் ஒவ்வொரு காலத்துக் கையெழுத்து. நாலாவதாக இவள் எழுதியிருந்தாள்.

"இதுல அப்படி இன்னாதான் சொல்லியிருக்கான்?" என்று கேட்டேன்.

"பெரிசா ஒண்ணியும் சொல்லாது நைனா. ரெண்டு வரி சொல்லும். அப்பால ஐம்பது கேள்வி கேட்டுட்டு வாயை மூடிக்கும். போன்ல கேட்டா உடனே பதிலச் சொல்லிடுது, நமக்கு வந்த மாதிரியே இருக்கும், பேனாவ எடுத்தா வராது. இது அப்படி இல்ல. நமக்கா வர்ற வரிக்கும் காத்துக்கினு இருக்கும்."

அதுவரை ஐயா என்றவள், அப்பாவைக் கூப்பிடுகிற மாதிரி நைனா என்றதை அவளே கவனித்தாளோ என்னவோ. நான் கவனித்தேன். இன்னொன்றும் நினைத்தேன். நான் கவர் ஒட்டக் கற்றுக்கொண்ட இடத்தில் இருந்த மேஸ்திரி அப்படித்தான். ஒரே ஒரு கவரை மடித்துக் காட்டுவார். ஐந்நூறு தாளை முன்னால் போட்டுவிட்டுப் போய்விடுவார். அவரிடம் கற்ற மடிப்பு இன்றைக்கும் என் கையில் இருக்கிறது. அப்படிப்பட்ட ஒரு மேஸ்திரி அந்தப் புத்தகத்துக்குள் உட்கார்ந்திருக்கிறார் என்று புரிந்தபோது, இத்தனை வருஷம் எத்தனை மேஸ்திரிகளை மெஷினில் போட்டு அமுக்கினேனோ என்று இருந்தது.

புத்தகம் பிரஸ்ஸில் சிக்கி வளைந்து போயிருந்தது. தையல் இரண்டு இடத்தில் விட்டிருந்தது. அட்டைகள் எல்லாம் மத்தியானமே வேறு வண்டியில் போய்விட்டன. "பரவால்லைங்க, கயிறு போட்டுக் கட்டிக்கறேன்" என்று எழுந்தாள். நான் உட்காரச் சொன்னேன்.

மைதா வாங்கிவர ஆள் அனுப்பினேன். டீ போடுகிற அடுப்பில் பசை காய்ச்சினேன். பதினொரு வயதில் காய்ச்சிய அதே பசை, பூச்சி அரிக்காமல் இருக்கத் துளி மயில்துத்தம் போட்டு, கட்டி விழாமல். யாரையும் தொடவிடவில்லை. விட்ட இடத்தைச் சணல் நூலால் தைத்து, தராசுக் கல்லைத் தூக்கி மேலே வைத்து வளைவை நிமிர்த்தினேன். அட்டைக்குச் சுவரில் மாட்டியிருந்த போன வருஷக் காலண்டரை எடுத்தேன், நல்ல தடித்த அட்டை. பெருமாள் படம் போட்டிருந்தது. படம் உள்பக்கம் போகிற மாதிரி மடித்து ஒட்டினேன்.

"சாமி உள்ள உக்காந்துகினு அவரும் இங்கிலீஷ் கத்துக்கட்டும்" என்றாள் அட்டைக்காரம்மாள். "வர்ற கூட்டத்துக்கு அவருக்கும் தேவைதான்."

முதல் தடவையாக அந்தப் பெண் சிரித்தாள்.

லாரி ஐந்தரைக்குத்தான் கிளம்பியது. டிரைவர் அவளைப் பஸ் ஸ்டாண்டில் இறக்கிவிட்டான். பசை காயவில்லை என்பதால் புத்தகத்தை மடியில் இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததாக மறுநாள் போனில் சொன்னான். "பரீட்ச தேறிட்டா எனக்கும் சொல்லுங்க மொதலாளி" என்றும் சொன்னான்.

உகாதிக்கு முன்னால் அவள் போன் செய்தாள். தேறிவிட்டாள். இப்போது வெளிநாட்டில் இருக்கிறாள். ஒரு நாள் வீடியோவில் கூப்பிட்டு, அந்த ஊர் அறையில் மேஜைமேல் இருந்த புத்தகத்தைக் காட்டினாள். என் காலண்டர் அட்டை ஒரு முனைகூடப் பெயரவில்லை. பெயராது, நான் ஒட்டியது. கூட வேலை செய்கிற ஒரு பெண் அதை வாங்கிப் படிக்கிறாளாம், அவளுக்கு வேறு பாஷை. இப்போது ஓரத்தில் மூன்றாவதாக ஒரு பாஷையும் ஏறிக்கொண்டிருக்கிறது என்றாள்.

எங்கள் குடோனில் இன்றைக்கும் அட்டை கிழிக்கிறோம், அது தொழில். கிழிக்கும் முன் ஓரத்தைப் பார்க்க வேண்டும் என்பது புதுச் சட்டம். ஓரம் முழுக்கக் கறுத்தது வந்தால் தராசுப் பக்கத்துப் பலகையில் வைத்துவிடுவோம். தேடி வந்தவர்கள் எடுத்துக்கொள்ளலாம். அந்தப் பலகையில் அதிகம் வந்து சேர்வது பச்சை அட்டை போட்ட அந்தக் கிராமர் புத்தகம்தான். வருஷம் இரண்டோ மூன்றோ வரும், ஒன்றுகூடப் புதுசாக வந்ததில்லை. அதை எழுதியவர் யாரென்று எனக்குத் தெரியாது. ஆனால் என்னளவுக்குக் காகிதம் பார்த்த ஒருவன் அந்த ஓரத்தை வைத்துச் சொல்கிறேன், அவர் வேலை தெரிந்த மனிதர்.

காகிதத்தில் எனக்குத் தெரியாதது கிடையாது என்று இன்றைக்கும் சொல்கிறேன். ஆனால் குடோனில் போன் அடித்தால், எவ்வளவு லோடு நின்றாலும், எதிரில் பேசுகிறவர் தன் புத்தகத்தின் முதுகில் என்ன ஒட்டியிருக்கிறது என்று சொல்லி முடிக்கிற வரை நான் போனை வைப்பதில்லை.